அரையடி முன்னால்

என் தங்கையின் கணவருக்குக் கண்புரை அறுவை நடந்த வாரத்தில்தான் எனக்குக் கண் திறந்தது. இந்த வரியை நான் போன மாதம் எழுதியிருந்தால் மாப்பிள்ளை தோளில் கைபோட்டு, "நல்லா இருக்கு மச்சான், ஆனா உன் வாயில நிக்காது, எனக்குக் குடு" என்று வாங்கிக்கொண்டு போயிருப்பார். நானும் பல்லைக் காட்டிக்கொண்டு கொடுத்திருப்பேன். அதை நினைத்தால்தான் இப்போது வயிறு எரிகிறது.

நான் நடிகன். பெயரைச் சொன்னால் உங்களுக்குத் தெரியாது. முகத்தைப் பார்த்தால், "இவரை எங்கேயோ..." என்று இழுப்பீர்கள். பாட்டும் சிரிப்புமாக நாடகம் போடுகிற ஒரே கம்பெனியில் இருபத்தாறு வருஷம் குப்பை கொட்டியிருக்கிறேன். முதல் வேஷம் தபால்காரர். கடிதத்தைக் கொடுக்க வேண்டும், போக வேண்டும். அன்றைக்கு ஒட்டிக்கொண்ட 'தபால்' என்ற பட்டப்பேர் இன்னும் போகவில்லை. பிறகு போலீஸ்காரர், நீதிபதி, பெண்ணுக்கு மாமா, கதாநாயகனின் மேலதிகாரி என்று எல்லாம் ஆகிவிட்டேன், பேருக்கு மட்டும் பதவி உயர்வு கிடைக்கவில்லை. பாட்டுக் காட்சியில் இரண்டாவது வரிசை, இடமிருந்து மூன்றாவது ஆள், கையில் குடை. குடை இல்லாத பாட்டு என்றால் தொப்பி.

மாப்பிள்ளை கம்பெனியின் பெரிய நகைச்சுவை நடிகர். சுவரொட்டியில் அவர் தலை மட்டும் தனியாக, பூசணிக்காய் அளவுக்கு இருக்கும். இருவரும் ஒரே வருஷம்தான் சேர்ந்தோம். இரண்டாவது வருஷம் நாடகம் பார்க்க வந்த என் தங்கையை அவருக்குப் பிடித்துப்போய், நானே முன்னால் நின்று கட்டிவைத்தேன். அதுவரை 'வாடா போடா' என்று பேசிக்கொண்டிருந்தவன், அன்றிலிருந்து 'வாங்க மாப்ளே, போங்க மாப்ளே' என்று மாறிக்கொண்டேன். அவர் மாறவில்லை.

எனக்கு இன்னொரு வேலையும் உண்டு, அது சுவரொட்டியில் வராது. நான் சிரிப்பு வசனம் எழுதுவேன். பேருந்தில், பல் டாக்டர் வீட்டு வாசலில், சோப்புப் போட்டுக் குளிக்கும்போது என்று எங்கேயாவது ஒரு வரி வந்து விழும். நோட்டில் குறித்துக்கொள்வேன், ஒத்திகையில் என் பாத்திரத்தின் வாயில் வைத்துப் பார்ப்பேன். ஒத்திகையில் எல்லோரும் சிரிப்பார்கள். அரங்கத்தில் ஆள் உட்கார்ந்ததும் அந்த வரி செத்துப்போகும்.

சாதாரணமாக அல்ல, பச்சையாகச் செத்துப்போகும். எண்ணூறு பேர் என் முகத்தைப் பார்க்கும்போது வாயைக் கொஞ்சம் திறப்பார்கள், இதோ வருகிறது என்று நான் நினைப்பேன், அதற்குள் ஏதோ ஒரு கை வந்து விளக்கை அணைத்த மாதிரி அடங்கிவிடுவார்கள். மூன்றாவது வரிசை ஓர நாற்காலியில் என் தங்கை மட்டும் கலகலவென்று சிரிப்பாள். அவள் ஒருத்தியின் சிரிப்பு கேட்கும்போது மற்றவர்களின் அமைதி இன்னும் பெரிதாகத் தெரியும். என் மனைவி பத்து வருஷத்துக்கு முன்பே நாடகத்துக்கு வருவதை நிறுத்திவிட்டாள். "நீங்க பேசி முடிச்சதும் ஒரு அமைதி வருது பாருங்க, அதை என்னால தாங்க முடியலைங்க" என்றாள்.

இடைவேளையில் மாப்பிள்ளை ஆறுதல் சொல்வார். "உன் மேல தப்பில்ல மச்சான். உன் மூஞ்சி அப்படி. நீ சிரிப்பா பேசினா ஏதோ துக்கச் செய்தி சொல்ல வந்த மாதிரி இருக்கு." அவர் வேஷத்துக்குப் பொருந்துகிற வரி என்றால், அடுத்த வாரம் அது அவர் வாய்க்குப் போகும். சிரிப்பில் அரங்கம் இரண்டுபடும். நான் திரை மறைவில் நின்று, நான் பெற்ற பிள்ளை பந்தயத்தில் ஜெயித்த மாதிரி புளகித்துப் போவேன். என் எழுத்து நல்லது, என் மூஞ்சிதான் கெட்டது என்று இருபத்தாறு வருஷமாக நம்பியவன் நான்.

ஒன்று மட்டும் அவர் குறையே வைக்கவில்லை. மேடையில் யார் எங்கே நிற்க வேண்டும் என்று வெள்ளை டேப்பால் தரையில் ஒரு பெருக்கல் குறி ஒட்டுவார்கள். என் குறியை அவரே குனிந்து ஒட்டுவார், எப்போதும் தன் குறிக்கு அரையடி முன்னால். "நீ முன்னாடி நில்லு மச்சான். உன்னை எல்லாரும் நல்லாப் பாக்கட்டும்." இவ்வளவு பெரிய நடிகர், மைத்துனனுக்காகப் பின்னால் நிற்கிறாரே என்று கம்பெனியே பேசும். நானும் நாலு பேரிடம் பெருமையாகச் சொல்லியிருக்கிறேன்.

இப்போது ஓடுகிற நாடகத்தில் அவர் இல்லாத நோய்க்கெல்லாம் மருந்து தின்னும் பணக்காரர், நான் அவர் வீட்டு டாக்டர். அடுத்த நாடகத்தை முழுக்க நானே எழுதி முடித்திருந்தேன். பாட்டு உட்பட ஒன்றரை நோட்டு. அதில் ஒரு வயதான கடிகாரக் கடைக்காரர் வருவார். அந்த வேஷத்தை எழுதும்போது ஒவ்வொரு வரியையும் கண்ணாடி முன்னால் நின்று நானே பேசிப் பார்த்தேன், என்னையும் அறியாமல். பிறகு புத்தி வந்தது. இந்த மூஞ்சியை வைத்துக்கொண்டு யாரைச் சிரிக்க வைக்கப் போகிறேன்? நோட்டை மாப்பிள்ளையிடம் கொடுத்துவிட்டு, இந்த நாடகத்தோடு நடிப்பை நிறுத்திவிடுவது என்று முடிவு செய்தேன். திங்கட்கிழமை கொடுப்பதாகச் சொல்லியிருந்தேன்.

அந்த வாரம் அவருக்குக் கண் அறுவை. பத்து நாள் வெளிச்சத்தில் நிற்கக் கூடாது என்று சொல்லிவிட்டார்கள். அவர் வேஷத்தைக் குழுப்பாட்டில் என் பக்கத்தில் குடை பிடிக்கும் நெட்டைக்குக் கொடுத்தார்கள். நாற்பத்தைந்து வயது, நல்ல மனிதன், பயந்த சுபாவம். இரண்டே நாளில் வசனத்தை மனப்பாடம் செய்துவிட்டு, ஞாயிற்றுக்கிழமைப் பகல் காட்சியில் வந்து நின்றான்.

முதல் காட்சி. கட்டிலில் படுத்திருந்த நெட்டை எழுந்து வந்து தன் குறியில் நின்றான்.

"டாக்டர், நிஜத்தைச் சொல்லுங்க. நான் பொழைப்பேனா?"

நான் என் குறியில், அரையடி முன்னால் நின்று, வழக்கம்போல் சொன்னேன். "பொழைக்கலைன்னா அடுத்த வாட்டி வேற டாக்டர்கிட்ட போங்க."

சொல்லிவிட்டு, வரப்போகும் அமைதியைத் தாண்டிக் குதிக்கத் தயாராக அடுத்த வசனத்தையும் உடனே பேசிவிட்டேன். அது எனக்கே கேட்கவில்லை. அரங்கம் முழுக்கச் சிரித்துக்கொண்டிருந்தது. முதலில் எனக்குப் பயம்தான் வந்தது. கால்சட்டைப் பொத்தானைத் தொட்டுப் பார்த்தேன். அதற்கும் சிரித்தார்கள். மேடை மேலாளர் அக்கா, மணி அடித்துக் காட்சி தொடங்கி வைப்பதால் எல்லோருக்கும் பெல் அக்கா, திரை மறைவிலிருந்து உள்ளங்கையை உயர்த்தி "நில்லு, நில்லு" என்று சைகை காட்டினாள். அரங்கத்தில் சிரிப்பு எழுந்தால் நடிகன் பேச்சை நிறுத்தி நிற்க வேண்டும், அது அடங்கத் தொடங்கும்போது அடுத்த வரியைப் போட வேண்டும். பாட்டில் குடை பிடிக்க வந்த ஆளுக்குக்கூடத் தெரிந்த பால பாடம். எனக்கு நிற்கத் தெரியவில்லை, ஏனென்றால் எனக்கு நிற்க வேண்டிய தேவையே வந்ததில்லை. ஐம்பத்தெட்டு வயதில், எண்ணூறு பேர் முன்னால், எனக்குக் கிடைத்த சிரிப்பின் மேல் நானே தடுக்கி விழுந்துகொண்டிருந்தேன்.

அடுத்த வரிக்கும் சிரித்தார்கள். அதற்கடுத்ததற்கும். இடைவேளைக்குள் நிற்கக் கற்றுக்கொண்டேன். நாடகம் பன்னிரண்டு நிமிஷம் தாமதமாக முடிந்தது என்றால் பார்த்துக்கொள்ளுங்கள்.

ஒப்பனை அறையில் நான் கண்ணாடியைப் பார்த்தபடி உட்கார்ந்திருந்தேன். அதே மூஞ்சிதான். நெட்டை வந்து கையைக் கட்டிக்கொண்டு நின்றான்.

"மன்னிச்சிருங்கண்ணே."

"எதுக்குடா?"

"கைக்குட்டை என்கிட்ட இல்லண்ணே. உடுப்போட தருவாங்கன்னு நினைச்சேன். அது வீட்லேர்ந்து வருமாமே, தெரியாமப் போச்சு. பதினேழு இடமும் விட்டுட்டேன்."

"எந்தப் பதினேழு இடம்?"

"உங்க காமெடி வரி பதினேழுக்கும்தாண்ணே. பிரதியில சிவப்புல போட்டிருக்கே. நீங்க சொல்லி முடிச்சதும் நான் பின்னாடி நின்னு கைக்குட்டையை எடுத்து, மெதுவா உதறி, தலையைத் துடைக்கணும்."

நான் எழுந்து போய் பெல் அக்காவின் மேஜையிலிருந்து பிரதியை எடுத்தேன். யார் எப்போது வருகிறார், எந்த விளக்கு எப்போது எரிகிறது என்று எல்லாம் குறித்து வைக்கும் நாடகப் பிரதி. டாக்டரின் முதல் சிரிப்பு வரி. ஓரத்தில் சிவப்புப் பென்சிலில் 'கை'. பக்கம் புரட்டினேன். 'கை'. இன்னொரு பக்கம். 'கை'. என் சாதாரண வரிகளுக்குப் பக்கத்தில் ஒன்றும் இல்லை. "உட்காருங்கள்" என்பதற்கும் "மருந்து எங்கே" என்பதற்கும் அவர் தலை வேர்க்கவில்லை.

மேடையில் யாராவது அசைந்தால் பார்ப்பவர் கண் அங்கே போய்விடும். அதனால்தான் ஒருவர் சிரிப்பு வரி பேசும்போது மற்றவர் சிலையாக நிற்க வேண்டும் என்பது எங்கள் தொழிலில் மரியாதை. விளக்கு வெளிச்சத்தில், என் தலைக்குப் பின்னால், பெரிய வெள்ளைக் கைக்குட்டை மெதுவாக விரிந்திருக்கிறது. அரையடி முன்னால் நிற்கிறவனுக்கு முதுகில் கண் இல்லை.

"அக்கா, இது என்ன?" என்றேன்.

பெல் அக்கா கண்ணாடியைக் கழற்றினாள். "நடக்கிறதைக் குறிக்கிறதுதான் என் வேலை தபாலு. விளக்குக்காரருக்கும் சொல்லணுமே." பிறகு என் முகத்தைப் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினாள். "உனக்குத் தெரியாதா? நீங்க மாமன் மச்சான், உங்களுக்குள்ள பேசி வச்சிக்கிட்டதுன்னுதான் நாங்க எல்லாம் நினைச்சோம்."

அலமாரியில் பழைய நாடகங்களின் பிரதிகள் இருந்தன. நாலைந்தை இழுத்துப் பார்த்தேன். நீதிபதி நாடகம், 'கை'. மாமா நாடகம், 'கை'. ஆக அடியில், தபால்காரர் நாடகம். அதில் வேறொரு மேலாளரின் கையெழுத்தில், மங்கிப்போன பென்சிலில், முழுசாகவே எழுதியிருந்தது: 'கைக்குட்டை'. அந்தத் தபால்காரர் சொல்வார், "லெட்டர் கொஞ்சம் சோகம்தான். உக்காந்துக்கிட்டுப் பிரிங்க." நான் எழுதிய முதல் சிரிப்பு வரி. அதுவும் சாகவில்லை, கொன்றிருக்கிறார்கள்.

மறுநாள் காலை நோட்டுகளை எடுத்துக்கொண்டு தங்கை வீட்டுக்குப் போனேன். கொடுக்கவா, மூஞ்சியில் எறியவா என்று படியேறும் வரை எனக்கே தெரியாது. மாப்பிள்ளை ஜன்னலுக்கு முதுகைக் காட்டி சாய்வு நாற்காலியில், கறுப்புக் கண்ணாடியும் ஒரு கண்ணில் பஞ்சுமாக உட்கார்ந்திருந்தார். தங்கை சாப்பாட்டு மேஜையில் கம்பளியை விரித்து இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தாள்.

"வா மச்சான். நோட்டைக் கொண்டாந்தியா? நெட்டை மானத்தை வாங்கிட்டானாமே, நாடகம் பன்னெண்டு நிமிஷம் லேட்டாம்" என்றார்.

"சிரிச்சாங்க. அதனால லேட்."

"நெட்டைக்கா?"

"எனக்கு."

ரேடியோவில் யாரோ செய்தி வாசித்துக்கொண்டிருந்தார்கள். அவர் கையை நீட்டித் தடவி அதை நிறுத்தினார்.

"பிரதியைப் பாத்தேன் மாப்ளே. இந்த நாடகம், அதுக்கு முன்னாடி நாடகம், தபால்காரர் வரைக்கும் பாத்தேன்." அதற்குமேல் 'ங்க' வாயில் வரவில்லை. "ஏன்டா இப்படிப் பண்ணினே? என் மூஞ்சியைக் குத்தம் சொன்னியே. இருபத்தாறு வருஷம் கண்ணாடியில என் மூஞ்சியையே எனக்குப் பிடிக்காமப் பண்ணிட்டியேடா."

அவர் மறுத்திருந்தால்கூட எனக்குக் கொஞ்சம் ஆறுதலாக இருந்திருக்கும். அந்தத் தயவையும் அவர் காட்டவில்லை.

"முதல் நாடகத்துல உன் வரிக்கு எல்லாரும் சிரிக்கப் போறாங்கன்னு எனக்குத் தெரிஞ்சுபோச்சு மச்சான். எனக்கு வேர்த்துச்சு. நிஜமாவே வேர்த்துச்சு, துடைச்சேன். அமைதியாயிட்டாங்க. ஓ, இப்படி ஒண்ணு இருக்கான்னு அப்பத்தான் தெரிஞ்சுது." கறுப்புக் கண்ணாடிக்குப் பின்னால் அவர் எங்கே பார்க்கிறார் என்று தெரியவில்லை. "உன் வரிக்கு ஒரு தடவை அவங்க சிரிச்சிருந்தா, அடுத்த வாரம் நீ உன் வசனத்தை நீயே பேசுவே. எனக்கு எவன் எழுதிக் குடுப்பான்? சொல்லு."

வாய்க்கு வந்தபடி திட்டினேன். எழுத முடியாத வார்த்தைகள். அவர் கேட்டுக்கொண்டே இருந்தார். மூச்சு வாங்கி நான் நிறுத்தியபோதுதான் மேஜைப் பக்கம் கண் போனது. தங்கை இஸ்திரிப் பெட்டியை நிமிர்த்தி வைத்துவிட்டு அசையாமல் நின்றாள். அவளுக்கு முன்னால் வெள்ளைக் கைக்குட்டைகள் அடுக்கியிருந்தன, பெரியவை, கஞ்சி போட்டு நாலாக மடித்தவை. அது வீட்டிலிருந்து வருமாமே என்று நெட்டை சொன்னான்.

"உனக்கும் தெரியுமாம்மா?"

அவள் என்னைப் பார்க்கவில்லை. "கல்யாணமான மூணாவது மாசமே தெரியும்ணா."

"மூணாவது மாசம்."

"நீ போயிட்டா இவர் பூஜ்யம்ணா. இவர் பூஜ்யம்னா நான் என்ன? எத்தனையோ தடவை சொல்லிடலாம்னு உன் வீட்டு வாசல் வரைக்கும் வந்திருக்கேன். அண்ணி டீ போட்டுத் தருவாங்க, குடிச்சிட்டுத் திரும்பி வந்துடுவேன்."

அவர் செய்தது பொறாமை. பொறாமையை நான் நூறு நாடகத்தில் பார்த்தவன், திட்டித் தீர்த்துவிடலாம். இவளை என்ன சொல்லித் திட்டுவது? சின்ன வயதில் நான் செய்த கோணங்கிக்கெல்லாம் விழுந்து விழுந்து சிரித்தவள். இவள் சிரித்ததால்தான் நான் நடிகனானேன்.

"அப்போ மூணாவது வரிசையில உக்காந்துக்கிட்டு நீ மட்டும் சிரிப்பியே. அதுவும் நாடகமா?"

"இல்லண்ணா." இப்போது என்னைப் பார்த்தாள், கண் நிறைந்திருந்தது. "அது நிஜம். நீ சொல்றது நல்லா இருக்கும். எனக்குச் சிரிப்பு வந்துடும்."

அதைவிட அவள் என்னைச் செருப்பால் அடித்திருக்கலாம். உலகத்திலேயே ஒருத்திக்கு நான் சிரிக்க வைக்கத் தெரிந்தவன் என்று தெரிந்திருக்கிறது, அவளே உட்கார்ந்து கைக்குட்டைக்குக் கஞ்சி போட்டிருக்கிறாள். நோட்டுகளை எடுத்து இடுக்கிக்கொண்டேன். "கடிகாரக் கடைக்காரர் வேஷம் எனக்கு" என்று மட்டும் சொன்னேன். "இனிமே நோட்டு இங்க வராது." மாப்பிள்ளை நாற்காலியைவிட்டு எழுந்தார், பஞ்சு வைத்த கண் பக்கமாகத் திரும்பி வாசலைத் தேடினார். நான் படியிறங்கிவிட்டேன்.

பத்து நாள் கழித்து அவர் மேடைக்குத் திரும்பினார். நான் முன்னதாகவே போய் என் குறியின் டேப்பை நகத்தால் உரித்து, ஓரடி பின்னால் தள்ளி ஒட்டினேன். பெல் அக்கா பார்த்தாள். பிரதியில் குறித்துக்கொண்டாள்.

திரை விலகியது. மூன்றாவது வரிசை ஓர நாற்காலியில் தங்கை இருந்தாள். மாப்பிள்ளை எழுந்து வந்தார், நான் நின்ற இடத்தைப் பார்த்துத் தடுமாறினார். "முன்னாடி வா மச்சான்" என்று உதடு அசையாமல் சொன்னார். நான் போகவில்லை.

"டாக்டர், நிஜத்தைச் சொல்லுங்க. நான் பொழைப்பேனா?"

"பொழைக்கலைன்னா அடுத்த வாட்டி வேற டாக்டர்கிட்ட போங்க."

கை தானாகப் பைக்குள் போனது. இருபத்தாறு வருஷப் பழக்கம், அவரால் தடுக்க முடிந்திருக்காது. முதன்முறையாக அதை நான் பார்த்தேன். கைக்குட்டை வெளியே வந்தது, மடிப்பு மடிப்பாக விரிந்தது, எண்ணூறு பேரின் கண்ணும் அதன்மேல் போனது. என் வரிக்கு எழுந்த சிரிப்பு அடங்கிக்கொண்டிருந்தது. நான் இரண்டு எட்டு வைத்து, அவர் தலைக்குப் போகும் முன் அதை அவர் கையிலிருந்து வாங்கினேன். டாக்டர் எக்ஸ்ரேயைப் பார்ப்பதுபோல் இரு முனையையும் பிடித்து விளக்குக்கு நேராகத் தூக்கிப் பார்த்தேன். அவரைப் பார்த்தேன். மறுபடி கைக்குட்டையைப் பார்த்தேன்.

"உள்ள ஒண்ணுமே இல்லியே" என்றேன்.

அரங்கம் வெடித்தது. நாற்காலிகள் கிறீச்சிட்டன, யாரோ கைதட்டத் தொடங்கினார்கள், பின் வரிசையில் ஒருவர் எழுந்தே நின்றுவிட்டார். மாப்பிள்ளையின் நெற்றியில் வேர்வை அரும்பி, துடைக்க ஒன்றும் இல்லாமல் வழிந்தது. நான் அசையாமல் நின்றேன். நிற்கத்தான் இப்போது தெரியுமே.

மூன்றாவது வரிசையைப் பார்த்தேன். எண்ணூறு பேரும் சிரித்துக்கொண்டிருந்தார்கள். என் தங்கை மட்டும் சிரிக்கவில்லை.